ஓலையிலிருந்து தொடங்குங்கள்
கைவினையைப் படமாக்கி வைப்பது பற்றி ஒரு பாடம்

இப்பாடத்தை ஒருவர் உரத்து வாசிக்க மற்றவர்கள் இருந்து கேட்கும் விதமாக எழுதியுள்ளோம். மாதர் சங்கத்திலோ, இளைஞர் கழகத்திலோ, நாலு குடும்பங்கள் பொழுதுபட்டபின் கூடும் ஒரு முற்றத்திலோ வாசிக்கலாம். இடையில் நிறுத்திப் பேசவேண்டிய இடங்கள் வரும். அங்கே அவசரப்பட வேண்டாம்.

ஒரு முதியவர் கேட்ட கேள்வி

1966 ஆம் ஆண்டின் கோடைகாலம். அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் பைன் ஸ்பிரிங்ஸ் என்றொரு சிற்றூர். அங்கு வாழ்வோர் நவாஹோ எனப்படும் பூர்வீகக் குடிமக்கள். ஆடு வளர்ப்பது, அந்த ஆட்டின் உரோமத்தில் நூல் நூற்றுக் கம்பளி விரிப்பு நெய்வது, வெள்ளி நகை செய்வது ஆகியன அவர்களுடைய பழகிய தொழில்கள். சோல் வேர்த், ஜோன் அடயர் என்ற இரு ஆய்வாளர்கள் அவ்வூருக்குப் போனார்கள். அதுவரை நவாஹோ மக்களைப் படம்பிடித்தவர்கள் பெரும்பாலும் வெளியார். கமராவை அம்மக்களின் கையிலேயே கொடுத்தால் அவர்கள் தங்கள் வாழ்வை எப்படிக் காட்டுவார்கள் என்று அறிவதே இந்த இருவரின் நோக்கம்.

ஊரில் ஒரு வேலையைத் தொடங்குமுன் பெரியவர்களிடம் சொல்லவேண்டும் அல்லவா? அவ்வூரில் மதிப்புப் பெற்ற முதியவர் சாம் யாசி என்பவர். நோய் தீர்க்கும் சடங்குகளைச் செய்பவர். வந்தவர்கள் தங்கள் எண்ணத்தை விளக்கினார்கள். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, படம் எடுப்பதால் ஆடுகளுக்கு ஏதும் கெடுதி வருமா என்று விசாரித்தார். அப்படி ஒன்றும் வராது என்றார்கள். அப்படியானால் ஆடுகளுக்கு ஏதும் நன்மை வருமா என்று அடுத்ததாகக் கேட்டார். அதுவும் இல்லை என்றே சொல்லவேண்டியிருந்தது. பின்னே எதற்காகப் படம் எடுக்கவேண்டும் என்பது அவருடைய மூன்றாவது கேள்வி.

படித்தவர்கள் பலர் இக்கதையை ஒரு பகிடியாகச் சொல்லிச் சிரிப்பதுண்டு. ஆடு மாடு வளர்த்தவர்களுக்கு, காணி பூமியை விட்டு எழும்பியவர்களுக்கு அது பகிடியாகத் தோன்றாது. இவ்விடத்தில் வாசிப்பை நிறுத்துங்கள். உங்கள் கிராமத்துக்கு ஒரு குழுவினர் கமராவுடன் வந்து, உங்கள் ஆச்சி பெட்டி இழைப்பதைப் படம்பிடிக்கவேண்டும் என்று கேட்டால், நீங்கள் கேட்கும் முதற் கேள்வி எதுவாக இருக்கும்? ஒவ்வொருவரும் சொல்லட்டும்.

அவர் ஏன் ஆட்டைப் பற்றிக் கேட்டார்?

நவாஹோ மக்களும் இடம்பெயர்ந்து வாழ்ந்தவர்களே. 1863, 1864 ஆம் ஆண்டுகளில் அமெரிக்கப் படை அவர்களுடைய பயிர்களை எரித்தது, ஆடுகளைக் கொன்றது, பீச் பழத் தோட்டங்களை வெட்டிச் சாய்த்தது. பின்னர் 8,000 பேருக்கு மேல் பல நூறு கிலோமீற்றர் தூரம் நடத்திச் செல்லப்பட்டு, நியூ மெக்சிக்கோவில் பொஸ்கே ரெடொண்டோ என்ற இடத்தில் அடைத்து வைக்கப்பட்டார்கள். அங்கே தண்ணீர் உவர், விதைத்த சோளத்தைப் புழு அரித்தது. பசியாலும் நோயாலும் ஏராளமானோர் இறந்தனர். ஆடு இல்லாதபடியால் சொந்தக் கம்பளியும் அரிதாயிற்று. நெய்யத் தெரிந்த பெண்கள் வெளியிலிருந்து வந்த ஆயத்த நூலைக் கொண்டும் பழைய துணியைப் பிரித்தெடுத்த இழையைக் கொண்டும் தொழிலை விடாமல் பிடித்துக்கொண்டார்கள்.

1868 இல் ஒப்பந்தம் எழுதி அவர்கள் தங்கள் நிலத்துக்குத் திரும்பினார்கள். அந்த ஒப்பந்தத்திலேயே 15,000 செம்மறிகளும் வெள்ளாடுகளும் வாங்கிக் கொடுப்பதாக ஒரு வாசகம் சேர்க்கப்பட்டது. மீள்குடியேற்றம் என்றால் கூரையும் அரிசியும் மாத்திரமல்ல, தொழிலுக்கு வேண்டிய மூலப்பொருளும் சேர்ந்ததுதான் என்பதை அன்றைய நவாஹோ தலைவர்கள் நன்றாக அறிந்திருந்தார்கள் என்றே எமக்குப் படுகிறது. அந்த ஆடுகளிலிருந்து மந்தை பெருகியது. ஆனால் 1930 களில், மேய்ச்சலால் மண் அரிக்கப்படுகிறது என்ற காரணத்தைக் காட்டி, அரசாங்கம் மந்தைகளைக் கட்டாயமாகக் குறைத்தது. சில இடங்களில் ஆடுகள் உரியவர்களின் கண்முன்னே சுட்டுக் கொல்லப்பட்டன. சாம் யாசியின் வயதினர் அதைக் கண்டவர்கள். வெளியிலிருந்து திட்டத்தோடு வருகிறவர்களிடம் அவர்கள் முதலில் ஆட்டைப் பற்றிக் கேட்டதில் வியப்பில்லை.

மகள் எடுத்த படம்

அந்தக் கோடையில் நவாஹோ மக்களில் ஆறு பேர் படமெடுக்கப் பழகினார்கள். ஒலி இல்லாத, கறுப்பு வெள்ளையிலான 16 மில்லிமீற்றர்ப் படச்சுருள். கமராவை இயக்குவது எப்படி, எடுத்த துண்டுகளை ஒட்டுவது எப்படி என்பதை மாத்திரம் சொல்லிக் கொடுத்தார்கள். எதை எடுப்பது, எப்படி எடுப்பது என்பதைப் பழகுபவர்களிடமே விட்டுவிட்டார்கள்.

அவர்களில் ஒருவர் சூசி பெனலி. தானும் நெசவு தெரிந்தவர். தன் தாய் அல்டா கான் விரிப்பு நெய்வதை ஒரு படமாக எடுத்தார். ஏறத்தாழ 20 நிமிடம் ஓடும் படம். நெசவைப் பற்றிய படம் என்றால் நீங்களும் நானும் தறியின் முன்னே கமராவை வைப்போம். சூசி அப்படிச் செய்யவில்லை. அவருடைய படத்தின் பெரும்பகுதி, நெசவு தொடங்குமுன் நடக்கும் வேலைகளுக்கே போய்விடுகிறது. ஆட்டின் உரோமம் கத்தரிக்கப்படுகிறது. தாய் நிலத்தைக் கிண்டி யக்கா என்ற செடியின் கிழங்கை எடுக்கிறார். அதை நசுக்கினால் சவர்க்காரம்போல் நுரை வரும், அதில்தான் உரோமத்தைக் கழுவுவது. பிறகு சாயத்துக்கான செடிகளைத் தேடிப் போகிறார். உரோமத்தை வாரிச் சீராக்குகிறார், கதிரில் நூற்கிறார். ஒவ்வொரு வேலைக்கும் இடையில் நடை. நிலத்துக்குக் குறுக்கே அவர் நடந்துகொண்டே இருக்கிறார். தறி கட்டி நெய்யும் காட்சி வரும்போது படம் முடியும் தறுவாயை அடைந்துவிடுகிறது.

வெளியூர்ப் பார்வையாளர்களுக்கு இது சலிப்பூட்டியது. இவ்வளவு நடை எதற்கு, வெட்டிவிடலாமே என்று அவர்கள் நினைத்திருப்பார்கள். ஆனால் சூசியின் குடும்பத்துக்கு நெசவு என்பது தறியில் நடக்கும் வேலை மட்டுமன்று. ஆடு, கிழங்கு, சாயச்செடி, அவை கிடைக்கும் இடங்கள், அங்கே போகும் பாதை எல்லாம் சேர்ந்ததுதான் நெசவு. தறியில் இருப்பது அதன் கடைசி நாட்கள்.

பின்னர் ஒரு நல்ல காரியம் நடந்தது. மகள் தாய்க்கும் கமராவைப் பழக்கினார். அல்டா கான் ஆங்கிலம் பேசாதவர், பாடசாலைக் கல்வியின் துணையின்றியே தொழிலில் தேர்ந்தவர். அவர் தன் பங்குக்கு, மகள் இடைப்பட்டி நெய்வதை ஒரு குறும்படமாக எடுத்தார். கமராவைக் கையாளப் பெரும் படிப்பு வேண்டும் என்று தயங்குபவர்களுக்கு இதைச் சொல்லலாம். இந்தப் படங்களின் தொகுதி 2002 இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில், என்றும் பாதுகாக்கவேண்டிய படங்களுள் ஒன்றாகச் சேர்க்கப்பட்டது.

அதே கோடையில் ஜோனி நெல்சன் என்பவர் வெள்ளித் தட்டாரைப் பற்றிய படம் ஒன்றை எடுத்தார். அதில் தட்டார் நடந்து சென்று ஒரு பழைய சுரங்கத்தில் வெள்ளியைக் கண்டெடுப்பதாக ஒரு காட்சி வருகிறது. உண்மையில் நவாஹோ தட்டார்கள் வெள்ளியை வெட்டி எடுப்பவர்களல்லர், வணிகர்களிடம் வாங்குபவர்கள். எந்தத் தொழிலும் மண்ணிலிருந்து தொடங்கவேண்டும் என்ற எண்ணம் அவரிடம் அவ்வளவு ஆழமாக இருந்தது போலும்! கதைக்கு அது அழகு. பதிவு என்று பார்த்தால் அங்கே ஒரு வார்த்தை சொல்லியிருக்கவேண்டும். உங்கள் படத்தில் இப்போது நடைமுறையில் இல்லாத ஒன்றை நடித்துக் காட்டினால், இது முன்னர் செய்த முறை, பார்ப்பதற்காக இன்று செய்து காட்டுகிறோம் என்று தொழிலாளியின் வாயாலேயே சொல்ல வைத்துவிடுங்கள். ஐம்பது வருடத்துக்குப் பிறகு பார்க்கிற பிள்ளைக்கு வேறு எப்படித் தெரியப் போகிறது?

வேறொரு முறையும் உண்டு. ஜேர்மனியின் கொட்டிங்கன் நகரில் 1952 இல் ஒரு படக் களஞ்சியம் தொடங்கப்பட்டது. ஒரு படத்தில் ஒரே ஒரு செயல், அது தொடக்கம் முதல் முடிவு வரை, கதையோ அலங்காரமோ இல்லாமல் என்பது அதன் கொள்கை. கூடை பின்னுவது, பானை வனைவது, படகு கட்டுவது என்று உலகின் பல பாகங்களிலும் எடுத்த ஆயிரக்கணக்கான படங்கள் அங்கே சேர்ந்தன. உணர்ச்சியற்ற படங்கள் என்று சிலர் குறைகூறுவர். ஆனால் ஒரு முடிச்சு எப்படி விழுகிறது என்று அறிய விரும்புபவருக்கு அந்த வறண்ட படமே உதவும். சூசியின் முறை தொழிலுக்கு எவையெல்லாம் வேண்டும் என்பதைக் காட்டுகிறது, கொட்டிங்கன் முறை கை என்ன செய்கிறது என்பதைக் காட்டுகிறது. எமக்கு இரண்டும் தேவை.

எங்கள் பக்கம் வருவோம்

இப்பாடத்தை வாசிக்கும் குடும்பங்களில் பல 1990 இலோ அதற்குப் பின்னரோ வீடு வளவை விட்டு எழும்பியவை. வலிகாமம் வடக்கிலிருந்து எழும்பிய சில குடும்பங்கள் நலன்புரி நிலையத்திலேயே பேரப்பிள்ளைகளையும் கண்டுவிட்டன. கமக்காரப் பெண்களின் கையில் ஒரு தொழில் எப்போதும் கூடவே இருந்தது. அது பனையோலை வேலை. கடகம், பெட்டி, சுளகு, நீற்றுப்பெட்டி, பாய், பனங்கட்டிக் குட்டான், உமல் இவையெல்லாம் கடையில் வாங்கிய சாமான்களல்ல. வளவில் நின்ற பனையும் வீட்டிலிருந்த கையும் சேர்ந்து தந்தவை.

போர்க்காலத்தில் காவலரண்களுக்கும் பதுங்குகுழிகளுக்குமாகப் பனைகள் பெருந்தொகையில் தறிக்கப்பட்டன. வேலி தாண்டிப் போக முடியாத இடங்களில் நின்ற பனைகள் நின்றும் பயன்படவில்லை. அகதியாக இருந்த இடத்தில் ஓலைக்கு உரிமை இல்லை, நார் உரிக்க மட்டை இல்லை. அதனால் இன்று ஐம்பது வயதை அண்மித்த பெண்களிற் பலர், தாய் இழைத்ததைப் பார்த்தவர்கள், தாங்கள் இழைத்தறியாதவர்கள். தெரிந்தவர்கள் எழுபதும் எண்பதும் தாண்டியவர்கள். பனை அபிவிருத்திச் சபை 1978 இல் தொடங்கப்பட்டது முதல் பயிற்சிகள் நடந்து வருகின்றன என்பது உண்மை. ஆனால் பயிற்சி நிலையத்தில் பழகுவது பெரும்பாலும் சந்தைக்கு ஏற்ற பொருட்கள். உங்கள் ஊர் ஆச்சி நெல் அளக்கவும், புழுக்கொடியல் வைக்கவும், விதை கட்டவும் இழைத்த பெட்டியின் கணக்கு அவருடைய விரலில் மாத்திரமே இருக்கிறது.

ஆகவே படம் எடுப்போம். சாம் யாசியின் கேள்வியை மனத்தில் வைத்துக்கொண்டு எடுப்போம்.

முதல் நாள்: கமரா இல்லாமல் போங்கள்

அனேகமாக உங்கள் குடும்பத்தில் ஒருவரிடமாவது கமராவுள்ள கைத்தொலைபேசி இருக்கும். அது போதும். ஆனால் முதல் நாள் அதைச் சட்டைப்பையை விட்டு எடுக்க வேண்டாம். ஆச்சியோடு இருந்து பேசுங்கள். எதை இழைக்க அவருக்கு விருப்பம் என்று கேளுங்கள். ஓலை எங்கிருந்து எடுக்கவேண்டும், எத்தனை நாள் செல்லும், யார் கூட உதவவேண்டும் என்று ஒரு கொப்பியில் எழுதுங்கள். படம் எடுத்தபின் அது யார் யாரிடம் போகலாம், யாரிடம் போகக்கூடாது என்றும் அன்றைக்கே கேட்டுவிடுங்கள்.

ஓலை வேலையின் ஒழுங்கு ஏறத்தாழ இப்படி வரும். மரத்திலிருந்து குருத்தோலை வெட்டுவது. அதை விரித்து வெயிலில் காயவைத்துச் சார்வோலை ஆக்குவது. ஈர்க்கு நீக்குவது. சத்தகத்தால் ஓலையை வேண்டிய அகலத்துக்கு வார்வது. சாயம் இடுவதானால் சாயத்தில் அவிப்பது. ஓலை முறியாமல் இருக்க ஈரப்பதம் கொடுப்பது. அடி தொடங்குவது, மூலை திருப்புவது, உயரம் எழுப்புவது, விளிம்பு மடிப்பது. கடகமானால் மட்டையில் நார் உரித்து, ஊறவைத்து, விளிம்பைப் பொத்துவது. ஊருக்கு ஊர் வித்தியாசம் இருக்கும். அந்த வித்தியாசம்தான் உங்கள் படத்தின் பெறுமதி.

இதில் பாதி வேலை இழைக்கத் தொடங்குமுன் நடப்பது என்பதைக் கவனியுங்கள். பெட்டி இழைப்பதை மட்டும் எடுத்தால், கடையில் சார்வோலை வாங்கக்கூடியவருக்கே அந்தப் படம் உதவும். ஆகவே மரத்தடியிலிருந்து தொடங்குங்கள். எந்த வடலி, எந்தக் குருத்து, எந்த மாதம், ஒரு மரத்தில் எத்தனை குருத்து வெட்டலாம், அதற்கு மேல் வெட்டினால் மரத்துக்கு என்ன நடக்கும் என்பதை ஆச்சி மரத்தடியில் நின்று சொல்லட்டும். மரம் ஏறுபவர் வேறொருவர் என்றால் அவரும் படத்தில் வரவேண்டும். அவரும் தொழிலாளியே.

சொந்த வளவுக்குப் போக முடியாவிட்டால்? போக முடியாது என்பதையும் பதியுங்கள். முன்னர் எங்கே ஓலை எடுத்தார், எந்தக் குளக்கட்டில் ஓலையை ஊறப்போட்டார், எந்த ஒழுங்கையால் போனார் என்று ஆச்சி மண்ணில் ஈர்க்கால் கீறிக் காட்டட்டும். கீறும் கையைப் படம் எடுங்கள். இந்தக் காட்சி பின்னொரு காலத்தில் பல விதத்தில் பயன்படக்கூடும்.

கமராவை எங்கே வைப்பது?

இதுதான் எல்லாவற்றிலும் முக்கியமான தொழில்நுட்ப விடயம். வழக்கமாக நாங்கள் ஆளுக்கு எதிரே நின்று படம் எடுப்போம். முகம் நன்றாக விழும். ஆனால் அப்படி எடுத்த படத்தைப் பார்த்துப் பழகுகிறவருக்கு வலது கை இடமாகவும் இடது கை வலமாகவும் தெரியும். ஓலை வேலையில் அது பெரிய குழப்பம். ஆகவே ஆச்சிக்குப் பின்னால் கதிரையிலோ வாங்கிலோ நின்று, அவருடைய தோளுக்கு மேலாகக் கையை எடுங்கள். பார்க்கிறவருக்கு அது தன் கைபோலவே தோன்றும். முகத்தை வேறொரு முறை எதிரே இருந்து எடுக்கலாம், அவருக்குச் சம்மதமானால்.

கைத்தொலைபேசியைக் கிடையாகப் பிடியுங்கள். கை நடுங்காமல் இருக்க அதை ஒரு தடியிலோ கதிரை முதுகிலோ கட்டலாம். ஓலை வெள்ளை நிறமானது, உச்சி வெயிலில் எடுத்தால் பின்னல் தெரியாமல் வெளிறிப்போகும். காலை அல்லது மாலையில், மரநிழலில், பக்கத்திலிருந்து வெளிச்சம் விழும்படி இருத்துங்கள். பின்னலின் மேடு பள்ளம் அப்போதுதான் தெரியும். ஓலைக்குக் கீழே கறுப்புத் துணி ஒன்றை விரித்தால் இன்னும் தெளிவு.

ஒவ்வொரு படியிலும் ஒரு சுற்றையாவது நிறுத்தாமல், வெட்டாமல், அவருடைய வேகத்திலேயே எடுங்கள். பின்னர் அதையே மெதுவாகச் செய்து காட்டச் சொல்லி இன்னொரு முறை எடுங்கள். மெதுவாகச் செய்வதை மாத்திரம் எடுப்பது போதாது. பழகிய கை மெதுவாகச் செய்யும்போது பல சமயம் வேறு விதமாகச் செய்துவிடும்.

பின்னணியில் சினிமாப் பாட்டைப் போடாதீர்கள். இப்போது எல்லாரும் போடுகிறார்கள் என்பது தெரியும். காய்ந்த ஓலையின் சத்தமும், வாரும்போது சத்தகம் போகும் சத்தமும் பழகுகிறவருக்குப் பாடம். பாட்டு அதை அழித்துவிடும்.

எதைக் கேட்பது?

கமரா பார்ப்பதையும் கேட்பதையும் பதியும். தொட்டு அறிவதைப் பதியாது. கைவினையிற் பாதி தொட்டு அறிவது. அதைப் பேச்சினால்தான் வெளியே கொண்டுவர வேண்டும். இதற்குப் பேட்டி காண்பவர் நிருபரைப்போலக் கேட்காமல் பேரப்பிள்ளையைப்போலக் கேட்கவேண்டும். உதாரணமாக இப்படி:

"ஆச்சி, ஓலை பதமாக் காஞ்சிட்டுது எண்டு எப்பிடித் தெரியும்?"

"பிடிச்சாத் தெரியும் மோனை."

இங்கே விட்டுவிடாதீர்கள். இன்னும் ஒரு படி போங்கள்.

"பிடிச்சா எப்பிடி இருக்கும்? எனக்குத் தெரியாதெல்லே, இந்த ரெண்டு ஓலையையும் பிடிச்சுக் காட்டுங்கோவன்."

"இது மடிக்க வெடிக்குது பார், கூடக் காஞ்சிட்டுது. பனியிலை போட்டுத்தான் எடுக்கோணும். இது இன்னும் பச்சை, இழைச்சாப் பிறகு சுருங்கி இடைவெளி விட்டிடும்."

இரண்டு ஓலையை ஒப்பிடச் சொன்னதும் பதில் வந்துவிட்டது. இதே முறையில், வேண்டுமென்றே ஒரு பிழை விட்டுக் காட்டும்படியும் அதைத் திருத்திக் காட்டும்படியும் கேளுங்கள். அழகாக முடிந்த பொருளிலிருந்து கற்பதைவிடப் பிழை திருத்துவதிலிருந்து அதிகம் கற்கலாம். அளவுகளை அவர் சாணிலும் விரற்கடையிலும் சொன்னால் அப்படியே விடுங்கள். பக்கத்தில் ஒரு அடிமட்டத்தை வைத்து எடுத்தால் போதும், பார்க்கிறவர் கணக்குப் பார்த்துக்கொள்வார். ஒவ்வொரு சாமானுக்கும், ஒவ்வொரு அசைவுக்கும் அவர் வழங்கும் சொல்லைக் கேட்டுப் பதியுங்கள். அகராதியில் அது இருக்கிறதா என்று கவலைப்பட வேண்டாம்.

பிள்ளைகள் குறுக்கே ஓடுவார்கள், ஆடு வந்து ஓலையைக் கடிக்கும், அயலட்டைப் பெண்கள் நின்று கதைப்பார்கள். அவற்றை வெட்டி எறிய வேண்டாம். ஓலை வேலை தனியறையில் நடந்த வேலையன்று. கதைத்துக்கொண்டே செய்த வேலை.

படம் யாருடையது?

இதைக் குழுவில் நன்றாகப் பேசுங்கள். எமது கருத்து தெளிவானது. படத்தின் முதற் பிரதி, செய்து காட்டியவருக்குச் சேரவேண்டும். அவரிடம் கைத்தொலைபேசி இல்லாவிட்டால் அவருடைய மகளிடமோ பேரனிடமோ கொடுத்து, அவர் பார்க்கும்படி போட்டுக் காட்டவேண்டும். அவர் வேண்டாம் என்று சொல்லும் பகுதியை நீக்கவேண்டும். ஊர்க் கூட்டத்தில் காட்டுவதற்கும் முகநூலில் போடுவதற்கும் வெவ்வேறாகச் சம்மதம் கேட்கவேண்டும், ஏனென்றால் இரண்டும் ஒன்றல்ல. வெளியிலிருந்து ஒருவர் அந்தப் படத்தைப் பணத்துக்குக் கேட்டால் பணம் யாருக்கு என்பதை முன்கூட்டியே எழுதிக் கையொப்பம் வைத்துக்கொள்ளுங்கள். நாள் முழுதும் இருந்து செய்து காட்டுகிறவருக்கு அன்றைய கூலி இல்லாமற் போகிறது. அதைக் குழு ஈடுசெய்ய வேண்டும். புகைப்படத்தில் வந்ததே பெருமைதானே என்று சொல்லிவிட்டுப் போவது முறையல்ல.

பாதுகாப்பது அடுத்த பிரச்சினை. ஒரு நிமிடப் படம் தெளிவான தரத்தில் 100 மெகாபைட்டுக்கு மேல் இடம்பிடிக்கும், ஒரு மணித்தியாலத்துக்கு ஆறு கிகாபைட்டுக்குக் குறையாது. கைத்தொலைபேசி நிறைந்ததும் பிள்ளைகள் அழித்துவிடுவார்கள். அன்றன்றைக்கே மெமரி காட்டிலோ பென் ட்ரைவிலோ இறக்குங்கள். வட்ஸ்அப்பில் வழக்கமான முறையில் அனுப்பினால் படம் சுருங்கித் தரம் குறைந்துவிடும், கோப்பாக இணைத்து அனுப்பினால் குறையாது. இரண்டு பிரதி, இரண்டு வெவ்வேறு வீட்டில் இருக்கட்டும். வீட்டை விட்டு ஓடியவர்களுக்கு இதன் காரணத்தை விளக்கத் தேவையில்லை. மூன்றாவது பிரதியைப் பாடசாலையிலோ நூலகத்திலோ கொடுத்து வைக்கலாம். ஆனால் நிறுவனத்திடம் கொடுத்தாயிற்று என்று உங்கள் பிரதியை அழித்துவிடாதீர்கள். மேலே சொன்ன கொட்டிங்கன் நிறுவனம் 2010 இன் முடிவில் மூடப்பட்டது. அதன் படங்களை ஹனோவர் நகரிலுள்ள நூலகம் ஒன்று பொறுப்பேற்றது நல்லகாலம்.

ஆடுகளுக்கு என்ன நன்மை?

சாம் யாசியின் கேள்விக்கு நேர்மையாகப் பதில் சொன்னால், படம் ஆட்டைக் கொண்டுவராது. நவாஹோ மக்களின் பழைய செம்மறி இனமான சுரோ, மந்தைக் குறைப்புக்குப் பிறகு அற்றுப்போகும் நிலைக்கு வந்தது. வறண்ட நிலத்தில் தாக்குப்பிடிக்கும் இனம் அது. உரோமம் நீளமானது, பிசுக்குக் குறைந்தது, கழுவக் கொஞ்சத் தண்ணீர் போதும். 1977 இல் லைல் மக்நீல் என்ற கால்நடை விஞ்ஞானி, எஞ்சியிருந்த சுரோ ஆடுகளைத் தேடிச் சேர்த்து இனம்பெருக்கி, நவாஹோ குடும்பங்களுக்குத் திருப்பிக் கொடுக்கும் வேலையைத் தொடங்கினார். ஆடுகள் அப்படித்தான் வந்தன, படத்தால் வரவில்லை.

ஆனால் ஆட்டிலிருந்து தொடங்கிய ஒரு படம், எது இல்லாவிட்டால் தொழில் நிற்கும் என்பதைக் காட்டிக்கொண்டே இருக்கும். உங்கள் படமும் அப்படி இருந்தால், பிரதேச செயலகத்திலோ தொண்டு நிறுவனத்திலோ வாழ்வாதார உதவி பற்றிப் பேச்சு வரும்போது அதை ஆதாரமாக வைக்கலாம். தையல் இயந்திரமும் கோழிக்குஞ்சும்தான் உதவி என்ற எண்ணத்தோடு வருகிறவர்களுக்கு, இந்த ஊருக்கு வேண்டியது நூறு வடலியும், குருத்து வெட்டும் உரிமையும், மரம் ஏறுபவருக்கு ஒரு கூலியும் என்று காட்டலாம். பனை பாளை விடப் பன்னிரண்டு தொடக்கம் இருபது ஆண்டு செல்லும். ஆனால் இழைக்கும் ஓலைக்கு அவ்வளவு காலம் காத்திருக்கத் தேவையில்லை, வடலியே போதும். பனங்கொட்டை இன்னமும் இலவசமாகக் கிடைக்கிற விதை.

அடுத்த கூட்டத்துக்கு முன்னர் செய்யவேண்டியது இது. உங்கள் குடியிருப்பில் ஓலை வேலை, மண்பாண்டம், மீன்பறி கட்டுதல், பாய் நெய்தல், மரவேலை, கொல்லுவேலை தெரிந்தவர்கள் யார் யார் என்று இருவர் வீடு வீடாகப் போய் எழுதி வாருங்கள். பெயர், வயது, என்ன செய்யத் தெரியும், கடைசியாக எப்போது செய்தார், செய்யாமல் விட்டதற்குக் காரணம் என்ன என்று ஐந்து நிரல் போதும். அந்த ஐந்தாவது நிரலைக் கூட்டத்தில் உரத்து வாசியுங்கள். பட்டியலில் வயது கூடியவர் யாரோ, அவரிடம் முதலில் போங்கள்.